தம்புரா மைக்

நாலு வேண்டாம். இரண்டில் இரு அரசி, இரண்டிலேயே இரு. அவர் முகம், நரைத்த மீசை, மூடிய கண், போதும், இதற்கு மேல் யாருக்கு என்ன வேண்டும். அலுத்தால் ஐந்துக்குப் போ, மிருதங்கக்காரரின் விரல்கள், பிறகு ஒன்று, மொத்த மேடை, திரும்ப இரண்டு. நாலை மட்டும் தொடாதே. தொடக்கூடாது என்று நினைக்க நினைக்க விரல் அங்கேதான் போய் நிற்கிறது, வலிக்கிற பல்லுக்கு நாக்கு போகிற மாதிரி. என் முன்னால் ஆறு சின்னத் திரைகள், ஆறு கேமராக்கள் பார்ப்பது ஆறிலும் ஓடுகிறது, கீழே ஆறு பொத்தான்கள். எதை அமுக்குகிறேனோ அது அந்த நொடியே அரங்கத்தின் இரண்டு பக்கமும் தொங்கும் பெரிய திரைகளில் விழும், எண்ணூறு பேர் பார்ப்பார்கள். நாளைக்குப் படமாக்கும்போது வெட்டலாம், ஒட்டலாம், வேண்டாததை ஒளிக்கலாம். ஆனால் இன்றைக்கு, கோயம்புத்தூரில், ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் ஐந்தே முக்காலுக்கு, அந்தப் பெரிய திரையில் விழுந்ததை யாரும் திரும்ப எடுக்க முடியாது. மேடைக்குப் பின்னால் ஒப்பனை அறையில் உட்கார்ந்திருக்கிறேன், சன்னல் கிடையாது, ஏசி நேராகப் பிடரியில் அடிக்கிறது, கால் தானாக ஆடிக்கொண்டிருக்கிறது, ஒரு செருப்பு எங்கேயோ மேசைக்கு அடியில் போய்விட்டது. இருபத்திரண்டு வருஷமாகக் கச்சேரிகளைப் படம் எடுக்கிறேன், ஒரு கச்சேரியைக்கூட நேரில் பார்த்ததில்லை. சொன்னால் சிரிப்பார்கள். எல்லாக் கச்சேரியும் எனக்கு இப்படி ஒரு குளிர்ந்த அறையில் ஆறு துண்டாகத்தான் நடந்திருக்கிறது.

"மேடம், நாலு பாருங்க, நாலு." காதுக்குள் சென்னியப்பன். நான்காம் கேமராவைப் பிடிப்பவன், திருப்பூர்க்காரன், நல்ல படம் கிடைத்துவிட்டால் விடமாட்டான், கிடைக்காவிட்டாலும் விடமாட்டான். "ரெண்டு பேரும் ஒரே ஃப்ரேம்ல இருக்காங்க. இதை விட்டா அப்புறம் கிடைக்காதுங்க." பார்த்தேன் சென்னியப்பா, மூன்றாவது பாட்டிலிருந்து பார்த்துக்கொண்டேதான் இருக்கிறேன், அதுதான் எனக்கு வந்த வினை. முன்னால் பாடகர் குஞ்சிதபாதம் சாரின் கன்னம், அவர் தோளுக்குப் பின்னால் தம்புராவை மீட்டிக்கொண்டு அவர் மனைவி தையல்நாயகி அம்மா. கச்சேரியில் தம்புராவோடு உட்காருகிறவரை யாரும் பார்ப்பதில்லை, அங்கே ஒரு ஆள் இருக்கிறார் என்பதே பாதிப் பேருக்குத் தெரியாது. நானும் யோக்கியம் இல்லை, என் படங்களில் தம்புரா என்பது பாடகருக்குப் பின்னால் மங்கலாகத் தெரியும் ஒரு கழி, அவ்வளவுதான். இன்றைக்கு இவன் அந்த அம்மாவின் முகத்தைத் துல்லியமாகக் காட்டிவிட்டான். உதடுகள் அசைந்தன. கூடவே பாடுகிறார் போல என்று நினைத்தேன், முப்பத்தெட்டு வருஷம் குடித்தனம் செய்தவருக்குப் புருஷனின் பாட்டு தெரியாதா. பொத்தானில் விரலைக்கூட வைத்துவிட்டேன். அப்புறம்தான் உறைத்தது. அந்த அம்மா கூடப் பாடவில்லை. முன்னால் போகிறார். அவர் உதடு அசைந்து அரை மூச்சு கழித்துத்தான் இவர் வாயில் அந்த வரி வருகிறது. ஒவ்வொரு வரியும். நான்காவது பாட்டு, ஐந்தாவது, ஆறாவது, ஒவ்வொரு வரியும். 

வேறு யாராவது என்றால் பரவாயில்லை. இப்போது பாடுகிறவர்கள் பாதிப் பேர் எதிரே தாள் வைத்துக்கொள்கிறார்கள், செல்போனை வைத்துக்கொள்கிறார்கள், நடுவில் விரலால் தள்ளித் தள்ளிப் பாடுகிறார்கள், யாரும் ஒன்றும் சொல்வதில்லை. இவர் சொன்னார். போன வருஷம் விருது வாங்கிய மேடையில், நான்தான் அதையும் படம் எடுத்தேன், பாட்டைப் படிக்காதீர்கள், பாடுங்கள், மனசில் நிற்காத பாட்டு உங்கள் பாட்டே இல்லை என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தார். இளம் பாடகர்களுக்குச் சுள்ளென்று பட்டது, ஒரு மாதம் அதே பேச்சு. எழுபத்தோரு வயதில் ஒரு துண்டுக் காகிதம் இல்லாமல் மூன்று மணி நேரம் பாடுகிறவர் என்றுதான் இன்றைய விளம்பரமே, வாசலில் பேனரில் அப்படித்தான் போட்டிருக்கிறார்கள். முதல் இரண்டு வரிசையில் பாடகர்கள், அவரிடம் வாங்கிக் கட்டிக்கொண்ட அதே இளசுகள், கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்கள். நாலை ஒரு முறை, மூன்றே மூன்று நொடி போட்டால் போதும். அந்த உதடுகள் இருபது அடி உயரத்தில் தெரியும், இவர்களுக்குப் புரிந்துவிடும், இவர்கள் காது தேறிய காது, கண்ணும் அப்படித்தான். காலையில் எல்லாப் போனிலும் இருக்கும். மனுஷன் அதற்கப்புறம் மேடை ஏறமாட்டார். எனக்குத் தெரியும், நன்றாகவே தெரியும், நான் ஒருவரை ஏற்கெனவே அப்படி இறக்கிவிட்டிருக்கிறேன்.

பரமசிவம். வயலின். அந்தப் பெயரை நினைக்காமல் ஒரு கச்சேரியை முடித்துவிட வேண்டும் என்று ஒவ்வொரு முறையும் நினைக்கிறேன், நடப்பதில்லை. மிருதங்கம் தனியாக வாசிக்கும் நேரம், பாதிச் சனம் காபிக்கு எழுந்து போயிருந்தது, வயலினை மடியில் வைத்துக்கொண்டு அவர் கண்ணசந்துவிட்டார். ரத்த அழுத்தத்துக்கு மாத்திரை போட்டிருந்தாராம், எனக்கு அது பிற்பாடு தெரிந்தது. தலை மெல்லச் சாய்ந்து, திடுக்கிட்டு நிமிர்ந்து, எதுவும் நடக்காத மாதிரி தாளம் போட ஆரம்பித்தார். எனக்கு அது பிடித்திருந்தது, சத்தியமாகப் பிடித்திருந்தது, கேலியாக அல்ல, மேடையில் ஒரு மனிதன் மனிதனாக இருக்கிறான் என்று தோன்றியது. ஏழு நொடி. படத்திலும் வைத்தேன். யாரோ அந்த ஏழு நொடியை மட்டும் கத்தரித்து, சிரிப்புச் சத்தம் சேர்த்து அனுப்ப, அது ஊரெல்லாம் சுற்றியது. அவரைக் கூப்பிடுவது குறைந்தது, அப்புறம் நின்றது. அவர் என்னைத் திட்டவில்லை. ஒரு தடவை போன் பண்ணினார். ஏம்மா, முப்பத்தஞ்சு வருஷமா முழிச்சிட்டு இருந்தேனே, அது ஒண்ணுகூடவா ஒன் கேமராவுல விழல, என்று கேட்டார். நான் சார் சார் என்றேன். அவ்வளவுதான் வந்தது வாயில். இன்றைக்கும் பல் தேய்க்கும்போது, பஸ்ஸில், சாப்பிடும்போது நல்ல நல்ல பதில்களாக வருகிறது, அவரோ போன வருஷம் போய்விட்டார். அதனால் நாலு வேண்டாம். சென்னியப்பன் என்ன கத்தினாலும் வேண்டாம். இந்த ஒரு மனுஷனையாவது நான் பத்திரமாகக் கரை சேர்க்கிறேன்.

இதற்குள் ஆரோன் வேறு. ஒலி அமைப்பு அவர் பொறுப்பு, அரங்கத்தின் நடுவில் மிக்ஸரோடு உட்கார்ந்திருக்கிறார், அரங்கத்துச் சத்தம், மேடைக்குப் போகும் சத்தம், படத்துக்கான பதிவு மூன்றும் அந்த ஒரே மிக்ஸரில், ஆள் குறைக்கிறோம் என்று நாங்கள்தான் அப்படிச் செய்தோம். ஆறாவது பாட்டு முடிந்து கைதட்டல் அடங்கும்போது காதில் வந்தார். மேடம், தம்புரா மைக்கில் யாரோ முணுமுணுக்கிற சத்தம் வருகிறது, அரங்கத்துக்கு இழையாகத்தான் விட்டிருக்கிறேன், அங்கே தெரியாது, பதிவில் தெளிவாக விழுகிறது என்றார். நான் ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. மூடுங்கள் என்றேன். அந்த மைக்கையேவா என்று கேட்டார். அந்த மைக்கையே, சுருதிப் பெட்டி ஓடுகிறதே, சுருதிக்கு அது போதும், தம்புரா சும்மா பார்வைக்கு இருக்கட்டும். சரி மேடம் என்று மூடிவிட்டார். எனக்கு அப்படி ஒரு நிம்மதி. படத்திலும் இல்லை, ஒலியிலும் இல்லை, அந்த அம்மாவின் முணுமுணுப்பு இந்த உலகத்தில் எங்கேயும் பதியவில்லை, எல்லாச் சன்னலையும் சாத்தியாயிற்று. ஒரு மிடறு டீ குடித்தேன், ஆறிப்போய் ஏடு கட்டியிருந்தது, அதுகூட நன்றாக இருந்தது. பெரிய காரியம் செய்துவிட்டதாக நினைப்பு.

இப்போது அவருடைய சொந்தப் பாட்டு. அவரே எழுதி அவரே மெட்டுப் போட்டது, முப்பது வருஷமாக எல்லாக் கச்சேரியிலும் பாடுவது, எடுத்ததுமே கை தட்டினார்கள். பல்லவி நன்றாக வந்தது, திரும்பத் திரும்ப வரும் வரி, அது எங்கே போகும். இரண்டு, ஐந்து, இரண்டு, மூன்றில் வயலின், நல்லது. அனுபல்லவியையும் தாண்டிவிட்டார். எனக்குத் தோள் இறங்கியது, மூச்சு விட்டேன். வீட்டுக்காரர் நினைவு வந்தது, ஏனென்று தெரியவில்லை, அவர் மஸ்கட்டில் இருக்கிறார், ஒன்பது வருஷமாக, ராத்திரி எட்டரைக்குப் போன் வரும், சாப்பிட்டியா, சாப்பிட்டேன், வெயிலா, வெயில்தான். எனக்கு ஒரு பெயர் மறந்தால் எடுத்துக் கொடுக்கப் பக்கத்தில் யாரும் இல்லை, போன வாரம் சொந்த அத்தையின் பெயர் வராமல் கல்யாண வீட்டில் அத்தை அத்தை என்றே ஒப்பேற்றினேன். சரி, அதை விடு, வேலையைப் பார். சார் சரணத்துக்கு வர வேண்டும். வரவில்லை. ஆ ஆ என்று ஆகாரத்தில் இழுத்துக்கொண்டு போகிறார், மேலே ஏறுகிறார், அங்கே நின்று ஒரு சுற்று சுற்றிவிட்டு இறங்குகிறார், என்ன அழகு, வரிசை வரிசையாகத் தலைகள் ஆடுகின்றன, ஆறாவது கேமராவில் ஒரு அம்மாள் கண்ணைத் துடைக்கிறாள், அதை எடு, எடுத்தாயிற்று, திரும்ப இரண்டு. மறுபடியும் ஏறுகிறார். மூன்றாவது தடவை. வயலின்காரர் சரணத்தின் தொடக்கத்தை வாசித்துக் காட்டிவிட்டு நிறுத்தினார், வாருங்கள் என்று கூப்பிடுவது போல. சார் அதை வாங்கிக்கொண்டு திரும்பவும் ஆகாரத்திலேயே போனார். அரங்கம் மறுபடியும் தட்டியது. சென்னியப்பன்கூட அடடா என்றான்.

ஏன் கீழே பார்க்கிறார். இரண்டாம் திரையில் அவர் கண் திறந்திருக்கிறது, பாடும்போது கண்ணே திறக்காதவர், தன் முழங்காலுக்குப் பக்கத்தில் இருக்கும் சின்ன ஸ்பீக்கரைப் பார்க்கிறார். மேடையில் பாடுகிறவருக்குத் தன் குரலும் சுருதியும் கேட்பதற்காக அவரைப் பார்த்து வைப்பது அது. சத்தம் சரியில்லை போல, ஆரோனிடம் சொல்ல வேண்டும். மறுபடி பார்க்கிறார். அவர் தலையைச் சாய்த்துக் காதை அந்தப் பக்கம் கொடுக்கிறார். நாலாம் திரையில் அந்த அம்மா தம்புராவை மீட்டியபடியே முன்னால் குனிந்திருக்கிறார், உதடு இப்போது முணுமுணுக்கவில்லை, நன்றாகவே திறந்து மூடுகிறது, கழுத்து நரம்பு தெரிகிறது, ஆனால் மிருதங்கமும் வயலினும் பெரிய ஸ்பீக்கர்களில் முழங்கும்போது ஒரு முழம் தள்ளி இருக்கிறவர் சொல்வது அவருக்கு எப்படிக் கேட்கும், அவருக்குக் காதும் மட்டு என்று சொன்னார்களே. மூன்று மணிக்கு ஒலி சரிபார்த்தபோது ஆரோன் சொல்லிச் சிரித்தது இப்போது வந்து நிற்கிறது. அந்த அம்மா இருக்கிறாரே, தம்புராவின் குடத்துக்கு வைக்கிற மைக்கைத் தன் தோள் பக்கம் தூக்கி வைக்கச் சொல்கிறார், அதைச் சார் பக்கத்து ஸ்பீக்கரில் நல்ல சத்தமாகக் கேட்கிற மாதிரி வைக்கச் சொல்கிறார், ஒவ்வொருவருக்கும் ஒரு ராசி என்று. நானும் சிரித்தேன். ராசியாம். அந்த மைக் வழியாக, அந்த ஸ்பீக்கர் வழியாகத்தான் இவ்வளவு நேரமும் வரி அவர் காதுக்குப் போய்க்கொண்டிருந்திருக்கிறது. அந்த வழியைத்தான் நான் அடைத்தேன். காப்பாற்றுகிறேன் பேர்வழி என்று மனுஷனைக் கொண்டுபோய் எண்ணூறு பேர் நடுவில் தனியாக விட்டிருக்கிறேன். பாவி, உனக்கு எதற்கு இந்த உபகாரம்.

"ஆரோன், தம்புரா மைக்கத் திறங்க. இப்பவே." அவர் தயங்கினார். "மேடம், அந்தம்மா இப்ப கத்துறாங்க. திறந்தா ஹால் பூரா கேக்கும். சின்ன ஸ்பீக்கருக்கு மட்டும் பிரிச்சு அனுப்பறேன், ரெண்டு நிமிஷம் குடுங்க." இரண்டு நிமிஷம். இரண்டு நிமிஷம் பொறுத்தால் யாருக்கும் தெரியாது, அவர் மட்டும் தாங்க வேண்டும், அவர் ராகத்தில் எங்கேயாவது இன்னும் இரண்டு சுற்று போய்வர வேண்டும். இரண்டாம் திரையைப் பார்த்தேன். ஏறினார், பாதியில் இறங்கினார். அவருக்கு ராகம் போகவில்லை, சொல்தான் போயிருக்கிறது, ஆனால் எவ்வளவு நேரம்தான் ஒருவர் சொல்லே இல்லாமல் பாட முடியும். முன்வரிசையில் ஒருவன் பக்கத்துக்காரன் காதில் ஏதோ சொன்னான். மிருதங்கக்காரர் கையைத் தளர்த்தினார். சார் நின்றுவிட்டார். நின்று, அந்தச் சின்ன ஸ்பீக்கரைப் பார்த்து, பயந்தார். முகத்தில் வேறொன்றும் இல்லை, பயம் மட்டும்தான் இருந்தது, கூட்டத்தில் கை நழுவிவிட்ட பிள்ளையின் பயம். அந்த முகம் என்னால்தான் அப்போது பெரிய திரையில் இருந்தது. நான் திறங்க என்றேன். கத்தினேன் என்று பிறகு சொன்னார்கள்.

"ஊரெல்லாம் சுற்றிவந்தும் உன் தெருவைக் காணேன்." கரகரத்த பெண் குரல், சுருதி பிசகாமல், அரங்கம் முழுக்க. அந்த அம்மாவே திடுக்கிட்டார். நிமிர்ந்து பார்த்தார், பார்த்த இடத்தில் பெரிய திரை, அதில் அவர் முகம், திறந்த வாய், இருபது அடி உயரத்தில். நான் எப்போது நாலை அமுக்கினேன் என்று தெரியவில்லை. சாரைப் பயத்தோடு தனியாக அந்தத் திரையில் வைத்திருக்க முடியவில்லை, விரல் போய்விட்டது. அம்மா வாயை மூடிக்கொண்டார். தம்புராவில் கை நின்றது. முன்வரிசைகளில் எங்கேயோ ஒரு சின்னச் சிரிப்பு கேட்டது. மாற்று, ஒன்றுக்குப் போ, மொத்த மேடையைக் காட்டு, எல்லாரும் எறும்பு அளவுக்கு ஆகிவிடுவார்கள், ஒப்பேற்றிவிடலாம். விரல் ஒன்றின் மேல் இருக்கும்போது குஞ்சிதபாதம் சார் திரும்பினார். மேடையில் பாடகர் தம்புராவைத் திரும்பிப் பார்த்து நான் கண்டதில்லை. ஒரு கையைத் தரையில் ஊன்றி, இடுப்பை மெல்லத் திருப்பி, மைக்கையும் கூடவே இழுத்துக்கொண்டு, முழுசாகத் திரும்பினார். "என்ன?" என்று கேட்டார். வீட்டில் ஒரு அறையிலிருந்து இன்னொரு அறைக்குக் கேட்கிற என்ன. அரங்கம் சிரித்தது, இந்தத் தடவை நிறையப் பேர். அம்மா இல்லை என்று தலையாட்டினார், இங்கே வேண்டாம் என்று கண்ணைக் காட்டினார், திரையில் அதுவும் தெரிந்தது. அவர் விடவில்லை.

"சொல்லு நாயகி," என்றார். "நீ சொன்னாத்தான எனக்கு வரும்."

சிரிப்பு நின்றுவிட்டது. ஆரோன் காதில் ஏதோ ஆரம்பித்தார், மேடம் நான் மூடினதாலதான என்று, நான் மூடச் சொன்னதால என்றேன். கச்சேரி முடிந்ததும் போய்ச் சொல்ல வேண்டும், மாலை மரியாதை எல்லாவற்றுக்கும் முன்னால், நான்தான் அம்மா மூடச் சொன்னேன் என்று அந்த அம்மாவிடம் சொல்ல வேண்டும், இந்த முறை சார் சார் என்று நின்றுவிடக்கூடாது. அவர் என்னைக் கன்னத்தில் அறைந்தாலும் சரி. முன்வரிசை இளசுகளின் கட்டிய கைகள் ஆறாம் திரையில் எப்போதோ அவிழ்ந்திருந்தன. தையல்நாயகி அம்மா சனத்தை ஒரு முறை பார்த்தார், இன்றைக்கு முதல் முறையாக, பிறகு தன் புருஷனைப் பார்த்தார். முந்தானையால் மேலுதட்டைத் துடைத்துக்கொண்டார். தம்புராவை மீட்ட ஆரம்பித்து, அந்த வரியைப் பாடினார், அவசரம் இல்லாமல், முழு வரியையும். சார் சபையைப் பார்த்துத் திரும்பவில்லை. அப்படியே மனைவியைப் பார்த்தபடி, முக்கால் முதுகை எண்ணூறு பேருக்குக் காட்டிக்கொண்டு, அந்த வரியை வாங்கிப் பாடினார், நான் இத்தனை வருஷத்தில் அவரிடம் கேட்காத ஒரு குரலில். சென்னியப்பன் இரண்டு பேரையும் ஃப்ரேமுக்குள் அசையாமல் பிடித்துக்கொண்டிருந்தான். என் விரல் ஒன்றின் மேலிருந்து இறங்கிவிட்டது. வரி முடிந்தது, அடுத்த வரி வர வேண்டிய இடத்தில் அவர் நின்றார், எதையும் ஒளிக்காமல் சும்மா நின்றார். அந்த அம்மா வாய் திறப்பதற்காக அரங்கமே காத்திருந்தது.